பிராது கொடுத்தவர் தலையில்தான் சுமை



ராஜமய்யர் பிறந்த ஊர் இது. பி.எஸ். ராமையாவின் ஊர், சி.சு. செல்லப்பா வளர்ந்த ஊர். எழுத்துக்கு இவ்வளவு பேர் வாங்கிய வத்தலக்குண்டில், டிரங்குப் பெட்டியில் கிடக்கும் சொந்தப் பத்திரத்தை மட்டும் வாசிக்காமலே வைத்திருக்கிறோம். பங்காளித் தகராறு வந்து, வக்கீல் கேட்கும்போதுதான் அதைப் பிரிக்கிறோம்.

பத்திரம் கேட்டால் பட்டாவை நீட்டுவார்கள். "எம் பேர்ல இருக்குங்க, அப்புறம் என்ன?" ஐயா, தீர்வையை யாரிடம் வசூலிப்பது என்று சர்க்கார் எழுதி வைத்த கணக்கு அது. சொத்துரிமையைத் தருவதும் இல்லை, பறிப்பதும் இல்லை. 1980-களில் யு.டி.ஆர். என்று நிலப் பதிவேட்டைப் புதுப்பித்துக் கணக்கு எழுதியபோது அண்ணன் பேர் ஏறித் தம்பி பேர் விட்டுப்போன குடும்பங்கள் எத்தனை! அதற்காகத் தம்பியின் பாகம் அண்ணனுக்குப் போய்விடுமா?

"சரி, கிரயத்தை ரிஜிஸ்டர் பண்ணியிருக்கே" என்பார் அடுத்தவர். 100 ரூபாயோ அதற்கு மேலோ மதிப்புள்ள நிலத்தைப் பதிவில்லாமல் விற்க முடியாது, உண்மை. ஆனால் விற்றவருக்கு அதில் பாத்தியம் இருந்ததா? அதைத் தீர்மானிப்பது சார்பதிவாளரின் வேலையே அல்ல என்று, நம் தமிழ்நாட்டு வழக்கான கே. கோபி வழக்கில், 2025 ஏப்ரலில் உச்சநீதிமன்றம் சொன்னது. மூலப்பத்திரம் காட்டாவிட்டால் பதிவை மறுக்கலாம் என்றிருந்த பதிவு விதி 55-ஏ(1)-ஐயே ரத்து செய்தது. முத்திரை விழுந்த கிரயத்துக்குப் பின்னாலும் தாய்ப்பத்திரத்தைத் தேடிப் போக வேண்டியிருப்பது இதனால்தான். வில்லங்கச் சான்று முழுக்கக் கை கொடுக்காது. வாய்மொழிப் பாகமும் பதியாத உயிலும் அதில் ஏறாது.

அந்தப் பழைய பத்திரத்தில் முதலில் நான்கெல்லையைப் பாருங்கள். கிழக்கே இன்னார் கொடிக்கால், மேற்கே வாய்க்கால், வடக்கே வண்டிப்பாதை என்றிருக்கும். கொடிக்கால் இன்று பிளாட். வண்டிப்பாதை தார் ரோடு. இன்னாரின் பேரன் திருப்பூரில். கோர்ட் அனுப்பிய கமிஷனர் சர்வேயரோடு வந்து நிற்கையில், வாய்க்கால் எங்கே ஓடியது என்று காட்ட ஆள் இருக்காது. விஸ்தீரணமும் எல்லையும் முரண்பட்டால் பொதுவாக எல்லைதான் நிற்கும். ஆகவே அதைச் சொல்லத் தெரிந்த கிழவர் உயிரோடு இருக்கும்போதே புலப்படத்தோடு ஒத்துப் பார்த்துவிடுங்கள்.

இன்னொரு தெம்பு நம்மிடம் உண்டு: "எதிராளியிடம் ஒரு காகிதமும் இல்லை." ஐதராபாத்தில் ஒரு வீட்டுவசதிக் கூட்டுறவுச் சங்கத்துக்கும் ராணுவத் துறைக்கும் நிலத் தகராறு. சங்கம் வருவாய்த்துறைப் பதிவுகளை நம்பி வழக்காடி, உயர்நீதிமன்றம் வரை ஜெயித்தது. 2014-ல் உச்சநீதிமன்றம் அதைப் புரட்டிவிட்டது. பிரதிவாதியின் உரிமை ஓட்டையாகவே இருக்கட்டும். அதை வைத்து வாதி ஜெயிக்க முடியாது, தன் உரிமையைத் தானே நிரூபிக்க வேண்டும் என்றது. 1872 சாட்சியச் சட்டமும் இதைத்தான் சொன்னது. 2024 ஜூலையில் வந்த புதுச் சட்டமும் சொல்கிறது.

கோர்ட் பீஸை மிச்சம் பிடிக்க வெறும் தடையுத்தரவு மட்டும் கேட்டு வழக்குப் போடுபவர்களையும் சொல்ல வேண்டும். உரிமையிலேயே மெய்யான சிக்கல் இருந்தால் உரிமை தனக்கே என்று அறிவிக்கச் சொல்லும் விளம்புகைப் பரிகாரமும் கேட்டாக வேண்டும் என்று 2008-லேயே அனதுலா சுதாகர் வழக்கில் உச்சநீதிமன்றம் சொல்லிவிட்டது. கேட்காமல் விட்டு, வருஷக்கணக்கில் வாய்தாவுக்கு நடந்து, கடைசியில் வழக்குத் தள்ளுபடியாகி நிற்பதைப் பார்க்க வயிறு எரிகிறது.

12 வருஷம் உழுதால் நிலம் சொந்தம் என்று டீக்கடையில் சொல்வதையும் நம்பாதீர்கள். குத்தகைக்கோ தயவிலோ உள்ளே வந்தவருக்கு, வருஷம் கூடுவதால் மட்டும் அந்த உரிமை வராது.

உயில் கதை தனி. பதிந்தே இருந்தாலும், தகராறு வந்தால் சாட்சிக் கையெழுத்துப் போட்டவர்களில் உயிரோடிருக்கும் ஒருவராவது கூண்டேறிச் சொல்ல வேண்டும். எழுபது வயதில் உயில் எழுதுகிறவர், கூடப் படித்த இரண்டு சிநேகிதர்களைக் கூப்பிட்டுக் கையெழுத்து வாங்குகிறார். வேண்டாம் அண்ணாச்சி, முப்பது வயதுக்காரர்களாகப் பார்த்துக் கூப்பிடுங்கள்.