அறியாமல் சொல்லும் இழிசொல்



"அடப் பாவி, சண்டாளா!" என்று பேரப்பிள்ளையைத் திட்டாத பாட்டிமார் நம் நாட்டில் எத்தனை பேர் இருப்பார்கள்? அந்த அம்மாளிடம் போய், சண்டாளன் என்றால் யார் என்று கேட்டால், "ஈவிரக்கமில்லாதவன்" என்றுதான் பதில் வரும். ஆனால் அது ஒரு ஜாதியின் பெயர். சூத்திர ஆணுக்கும் பார்ப்பனப் பெண்ணுக்கும் பிறந்தவன் சண்டாளனாம். அவன் ஊருக்கு வெளியே குடியிருக்க வேண்டுமாம். பிணத்தின் துணியை உடுத்த வேண்டுமாம். உடைந்த சட்டியில் உண்ண வேண்டுமாம். இது மனுதர்மத்தின் பத்தாவது அத்தியாயம். இதற்குப் பெயர் தர்மம்! அந்தப் பெயர் இன்றைக்கும் தமிழ்நாட்டுப் பட்டியல் ஜாதிகளில் ஒன்றாக இருந்துவருகிறது. அதை வசவாக உபயோகிக்கக் கூடாதென்று 2024ஆம் வருஷத்தில் ஆதிதிராவிடர், பழங்குடியினருக்கான மாநில ஆணையமே சொல்ல வேண்டியதாயிற்று.

நிற்க. இதைக் கேட்டுவிட்டு நம் வாலிபத் தோழர்கள் சிலர் அந்தப் பாட்டியின் மேல் பாய்ந்து, "நீ ஜாதி வெறி பிடித்தவள்" என்று சொன்னால் அது நியாயமாகுமா? ஒரு ஜாதியின் பெயரை வசவாக்கி, வசவாக்கிய கதையையும் மறைத்து, அவர் வாயில் போட்டவன் எவனோ; அகப்பட்டுக் கொண்டவர் பாட்டி. 1989ஆம் வருஷத்து வன்கொடுமைத் தடுப்புச் சட்டங்கூட, இழிவுபடுத்தும் எண்ணத்தோடு வேண்டுமென்றே அவமதித்தானா என்றுதான் பார்க்கச் சொல்லுகிறது. சட்டத்துக்கு இருக்கும் நிதானம் நமக்கு வேண்டாமா? நாலுபேர் நடுவில் ஒருவரை அவமானப்படுத்தினால், அவர் சொல்லை விடமாட்டார், நம்மைத்தான் விட்டுவிடுவார். தனியே உட்கார்ந்து அர்த்தத்தைச் சொன்னால் பத்தில் எட்டுப் பேர், "ஐயையோ, இது தெரியாதே" என்பார்கள்.

ஆனால் இதற்கு மறுபக்கமும் உண்டு. அறியாமல் மிதித்தாலும் மிதிபட்டவனுக்கு வலிக்கத்தான் செய்யும். அவனே வலியையும் தாங்கிக்கொண்டு, மிதித்தவனுக்குப் பொறுமையாகப் பாடமும் நடத்த வேண்டுமென்று எதிர்பார்ப்பது அக்கிரமம். பக்கத்தில் நிற்கிறவன், அந்தச் சொல் தன்மேல் படாதவன், அவன்தான் சொல்ல வேண்டும். அவன் பெரும்பாலும் பல்லைக் காட்டிக்கொண்டு நிற்கிறான். நமக்குக் கோபம் அவன் மேல்தான்.

"காலனி" என்ற சொல்லைப் பாருங்கள். குடியிருப்பு என்பதைத் தவிர அதில் வேறொன்றும் இல்லை. ஆயினும் "காலனிக்காரன்" என்று நம் கிராமங்களில் சொல்லுகிற தொனியிலே தீண்டாமை முழுவதும் அடங்கியிருக்கிறது. அதனால்தான் அரசாங்க ஆவணங்களிலிருந்து அதை நீக்குவதாக 2025ஆம் வருஷம் ஏப்ரலில் முதலமைச்சர் சட்டசபையில் அறிவித்தார். பட்டணத்தில் அந்தப் பெயருள்ள தெருவில் பங்களா கட்டியிருப்பவருக்கு இதெல்லாம் தெரியாது. அவரிடம் விளக்கம் சொல்லலாம். வழக்குப் பேச வேண்டியதில்லை.

எழுத்தாளன், பிரசங்கி, உபாத்தியாயர் ஆகியவர்களுக்கு இந்தச் சலுகையில் பாதிதான் கொடுக்கலாம். சொல்லையே விற்றுப் பிழைக்கிறவன் அதன் அர்த்தம் தெரியாது என்றால் யார் ஒப்புவார்கள்? இனி, அர்த்தம் தெரிந்த பிறகும் மறுநாள் அதையே சொல்லிவிட்டு, "நான் அந்த எண்ணத்தில் சொல்லவில்லை" என்கிறவனை அறியாதவன் கணக்கில் சேர்க்க நம்மால் முடியாது. அவனை நாலுபேர் நடுவிலேயே கேட்கலாம்.

"பின்னே எந்த வார்த்தையைச் சொல்லித்தான் திட்டுவது?" என்று சிலர் நம்மைக் கேட்கிறார்கள். கயவன், வஞ்சகன், கொடியவன், கல்நெஞ்சன் என்று தமிழில் வேண்டிய மட்டும் கிடக்கிறது. ஒரு ஜாதியையும் தொடாமல் ஒரு நாள் முழுவதும் திட்டலாம்.