சடைமுடிக்கு வரலாறு எழுதியவர்



வரலாறும் சமூகவியலும் பயின்று பட்டம் பெற்று வெளியேறும் உங்களிடம் ஜமைக்கா நாட்டு ஆய்வாளர் ஒருவரைப் பற்றிப் பேச விரும்புகிறேன். பெயர் பாரி ஷெவான்ஸ். மேற்கிந்தியப் பல்கலைக்கழகத்தின் மோனா வளாகத்தில் பேராசிரியராக இருந்தவர், 2010-இல் மறைந்தார். கறுப்பு அங்கிக்குள்ளே பாப் மார்லி படம் போட்ட சட்டையோடு யாரேனும் இங்கே உட்கார்ந்திருந்தால் வியக்க மாட்டேன். அந்தப் படத்தில் உள்ள சடைமுடிக்கு வரலாறு எழுதியவர் ஷெவான்ஸ்.

1930 நவம்பரில் எத்தியோப்பியாவில் ஹைலே செலாசி முடிசூடினார். அடிமைமுறை ஒழிந்து ஏறக்குறைய நூறாண்டாகியும் நிலமோ மதிப்போ கிட்டாத ஜமைக்காவின் ஏழைக் கறுப்பின மக்களில் சிலர் அவரையே கடவுளாகக் கண்டார்கள். ரஸ்தாஃபாரியர் எனப்பட்ட அவர்கள் அரசுக்குக் கலகக்காரர்கள். வசதியுள்ளவர்களுக்குக் கஞ்சாக் குடியர்கள். அந்தக் கஞ்சாவை அங்கே கொண்டுசேர்த்தவர்கள், 1845 முதல் கரும்புத் தோட்டங்களுக்குக் கப்பலேறிய இந்தியக் கூலித் தொழிலாளர்கள் என்பதையும் சொல்லிவிடுகிறேன். 1960-இல் ரஸ்தாஃபாரியர் சிலர் தாங்களே பல்கலைக்கழகத்தை நாடி, தங்களைப் பற்றி ஆராயுமாறு கேட்டார்கள். மூன்று அறிஞர்கள் இரண்டே வாரங்களில் களப்பணியை முடித்து அறிக்கை தந்தார்கள்.

ஷெவான்ஸ் அவசரப்படவில்லை. 1970-களில் இயக்கத்தின் முதியவர்களைத் தேடிப்போய் அவர்களுடைய வாழ்க்கைக் கதைகளைக் கேட்டார். நூல் 1994-இல்தான் வந்தது. சடைமுடி இயக்கத்தின் தொடக்கத்தில் இருந்த அடையாளமல்ல, மூத்தோரோடு முரண்பட்டு 1940-களின் இறுதியில் கிளம்பிய இளைஞர் குழுவோடு வந்தது என்று கண்டார். இன்னொரு முடிவு ரஸ்தாஃபாரியருக்கே கசந்திருக்கும். ‘ரிவைவல்’ என்னும் பழைய ஆப்பிரிக்க-கிறித்தவ வழிபாட்டை அவர்கள் ஏளனமாக ஒதுக்கினார்கள். ஆனால் அவர்கள் கூட்டம் நடத்தும் முறையிலும் உலகைப் பார்க்கும் விதத்திலும் அதே ரிவைவல் தொடர்கிறது என்று காட்டினார். பேசியவர்களை மதித்தார், பேசியதையெல்லாம் ஒப்புக்கொள்ளவில்லை. நான் படித்த ஆய்வேடுகளில் பல இவற்றில் ஒன்றைத்தான் செய்கின்றன.

பின்னாளில் அரசு அமைத்த கஞ்சா ஆணையத்துக்குத் தலைமை தாங்கினார். பெரியவர்கள் தனியிடத்தில் சொந்தத்துக்குப் பயன்படுத்துவதைக் குற்றமாக்கக் கூடாது என்று 2001-இல் அந்த ஆணையம் பரிந்துரைத்தது. சட்டம் திருத்தப்பட்டது 2015-இல்.

மாணவர்களே, உங்களில் சிலர் அடுத்த ஆண்டே கள ஆய்வுக்குப் போவீர்கள். முதியவர்களிடம் முதலில் போங்கள். எழுதியதை அவர்களுக்குப் படித்துக் காட்டுங்கள். மறுத்தால், அந்த மறுப்பையும் உங்கள் ஆய்வேட்டில் சேருங்கள்.