பால் புட்டி மூடியும் ஒரு ஆணியும்

காலமெல்லாம் சினிமாவுக்கு செட் போட்டு வாழ்ந்தவன் நான். என் தொழிலில் நான் குருவாக நினைக்கும் ஒருவரைப் பற்றி மட்டும் பேசிவிட்டு உட்காருகிறேன்.

செர்கெய் பரஜானவ். 1924-இல் ஜார்ஜியாவின் திபிலிசி நகரில் பிறந்த ஆர்மீனியர். அப்பா பழம்பொருள் வியாபாரி. உலகம் பரஜானவை இயக்குநர் என்கிறது. எனக்கு அவர் முதலில் கலை இயக்குநர்.

1969-இல் வந்த அவருடைய ‘மாதுளையின் நிறம்’, 18-ஆம் நூற்றாண்டுக் கவிஞர் சாயத் நோவாவைப் பற்றியது. கேமரா பெரும்பாலும் அசையாது, பேச்சும் மிகக் குறைவு. பொருள்கள்தான் கதை சொல்கின்றன. வெள்ளைத் துணியில் மாதுளைச் சாறு பரவுகிறது. சாயத்தில் முக்கியெடுத்த நூலிலிருந்து சொட்டுகள் தாம்பாளத்தில் விழுகின்றன. மடாலயக் கூரையில் நனைந்த புத்தகங்களை விரித்துக் காயப்போடுகிறார்கள், காற்று தாள்களைப் புரட்டுகிறது. அந்தப் படத்தின் கலை இயக்குநர் ஸ்தெபான் ஆந்த்ரானிக்யான். அந்தப் பெயரையும் நீங்கள் மனதில் வைத்துக்கொள்ள வேண்டும்.

ஓவியக் கல்லூரியில் படித்த நாளில், ஒரு திரைப்படச் சங்கத்தில் இந்தப் படத்தைப் பார்த்தேன். எனக்குக் கதை பிடிபடவில்லை, ஆனால் தூங்கவும் முடியவில்லை. மறுநாள் எங்கள் வாத்தியாரிடம் கேட்டேன். விளக்கம் எதுவும் சொல்லாமல் ஒரு சாயப்பட்டறைக்கு அனுப்பிவைத்தார். கொதிக்கும் தொட்டியிலிருந்து நூலைத் தூக்கினால் எவ்வளவு கனம் என்று அன்றுதான் தெரிந்தது. தெர்மாகோலில் தூண் செய்யத் தெரிந்த பிள்ளைகள் இன்று நிறைய இருக்கிறார்கள். கல்லைத் தொட்டுப் பார்த்தவர்கள் குறைவு. இது எனக்கு உண்மையான வருத்தம்.

1973 டிசம்பரில் பரஜானவ் கைதானார். அன்றைய சோவியத் சட்டத்தில் குற்றமாயிருந்த ஓரினச்சேர்க்கை உட்படப் பல குற்றச்சாட்டுகள். தண்டனை 5 ஆண்டு. சிறை முகாமில் அவருக்கு ஸ்டுடியோ ஏது, கேமரா ஏது? பால் புட்டிகளின் அலுமினியத் தகடு மூடிகள் கிடைத்தன. அவற்றை நகத்தாலும் ஆணியாலும் அழுத்தி, பழங்கால நாணயம் போல உருவங்களைப் புடைத்தெழச் செய்தார். சாக்குத் துணியில் தைத்தார். காய்ந்த பூக்களை ஒட்டிப் படம் செய்தார். அங்கே இருந்த காலத்தில் அவர் செய்தவை சுமார் 800 என்பார்கள். கணக்கு போட்டுப் பாருங்கள், பிள்ளைகளே: இரண்டு நாளைக்கு ஒன்றுக்கும் மேல்! வசதியில்லை, பட்ஜெட் இல்லை என்று என்னிடம் வரும் இளைஞர்களுக்கு நான் இந்த எண்ணைத்தான் சொல்கிறேன்.

பிரெஞ்சுக் கவிஞர் லூயி அரகோன் சோவியத் தலைவர் பிரெஷ்னேவிடம் மன்றாடியதால், 1977 கடைசியில் விடுதலை கிடைத்தது. அதன் பிறகும் 1980-களின் நடுப்பகுதி வரை அவருடைய அடுத்த முழுநீளப் படம் வெளிவரவில்லை. 1990-இல் ஆர்மீனியத் தலைநகர் எரெவானில் இறந்தார். மறு வருடம் அங்கே அவர் பெயரில் அருங்காட்சியகம் திறந்தது. படங்களுக்கு நிகராக, அவர் கையால் செய்தவற்றைப் பார்க்கவும் மக்கள் அங்கே வருகிறார்கள்.

‘மாதுளையின் நிறம்’ படத்தைச் சீரமைத்து 2014-இல் புதுப் பிரதி வெளியிட்டிருக்கிறார்கள். தேடிப் பாருங்கள். முதல் தடவை கதையைத் தேட வேண்டாம். எது கம்பளி, எது செம்பு, எது ஈரம் என்று மட்டும் கவனியுங்கள். ஆந்த்ரானிக்யான் பெயர் திரையில் வரும்போது நிறுத்தி வாசியுங்கள். பட்டம் பெற்ற எல்லோருக்கும் என் வாழ்த்துகள்.