மலையைப் படம் பிடித்தவர்

(குன்னூரில் தேயிலைத் தொழிலாளர் கூட்டத்தில் பேசியது)

நம் மலைக்கு சினிமாக்காரர்கள் வருவது புதிதல்ல. தேயிலைச் சரிவில் இருவரை ஆடவைத்துப் படம் பிடிப்பார்கள்; இறங்கிப் போவார்கள். கொழுந்து பறிக்கும் நம் பெண்கள் அந்தப் படங்களில் பச்சைக்கு நடுவே ஒரு புள்ளி, அவ்வளவுதான்.

வேறு விதமாகப் பார்த்த ஒருவரைப் பற்றி இன்று பேசுவோம். அவர் பாலு மகேந்திரா. 1939ல் மட்டக்களப்பை அடுத்த அமிர்தகழியில் பிறந்தவர். புனாவில் சர்க்கார் நடத்தும் திரைப்படக் கல்லூரியில் காமிரா வேலை கற்று, 1969ல் தங்கப் பதக்கத்துடன் வெளிவந்தார்.

அவர் படம் பிடித்த 'நெல்லு' 1974ல் வந்தது. வயநாட்டு ஆதிவாசி மக்களின் கதை அது. 1978ல் 'முள்ளும் மலரும்'. இயக்கியவர் மகேந்திரன், காமிரா இவருடையது. கதாநாயகன் யார்? மலை மின்நிலையத்தில் விஞ்ச் இயக்கும் தொழிலாளி! சிங்காரா விஞ்சை அறிந்த நமக்கு அவன் அந்நியனா? அவன் வேலை இழக்கிறான், கையையும் இழக்கிறான். மலை அங்கே வெறும் அழகல்ல. அவன் பிழைப்பு நடக்கும் இடம்.

1982ல் 'மூன்றாம் பிறை'. இயக்கமும் காமிராவும் இவரே. கதாநாயகன் கேத்தியில் பள்ளிக்கூட வாத்தியார். நாம் ரயிலேறும் அதே கேத்தி ஸ்டேஷனில்தான் கடைசிக் காட்சி. மழை ஈரத்தில், போகும் ரயிலின் பின்னே அவன் ஓடுகிறான். நாடே கண்ணீர் விட்டது. ஒளிப்பதிவுக்குத் தேசிய விருதும் கிடைத்தது. 'கோகிலா' படத்துக்கு ஏற்கனவே ஒன்று பெற்றிருந்தார்.

அவர் வித்தை என்ன? கூடியவரை இயற்கை வெளிச்சத்தையே நம்பினார். உச்சி வெயில் முகத்தில் கறுப்பு நிழலைப் போடும். மூடுபனி வழியே வரும் வெளிச்சமோ மிருதுவாகப் பரவும். முகத்தின் துயரம் அப்படியே தெரியும். காலையில் காட்டுக்குப் போகும் நாம் தினமும் காணும் வெளிச்சம்தான் அது. அதற்காகக் காத்திருப்பதும் உழைப்பே.

2014ல் அவர் மறைந்தார். மலையில் வாழும் வாத்தியாரையும் விஞ்ச்காரனையும் அவர் காமிரா காட்டியது. கொழுந்து பறிப்பவள் கதாநாயகியாக அவர் படத்திலும் வரவில்லை. அதை யார் எடுப்பது? அவளைப் பெற்றவர்களும் அவள் பெற்ற பிள்ளைகளும்தான்! சர்க்கார் கல்லூரி பணக்காரர் பிள்ளைகளுக்கு மட்டுமல்ல. நம் பிள்ளை காமிராவைக் கேட்டால், "நமக்கேன் அது?" என்று சொல்லாதீர்கள், தோழர்களே!