அப்பனும் சுமப்பான்!

(தலைப்பு: குடும்ப பாரத்தைப் பெரிதும் சுமப்பது தாயா? தந்தையா? – ‘தந்தையே’ அணி)



எதிரணித் தலைவி ஒரு கேள்வி கேட்டாங்க. “பத்து மாசம் சுமக்கிறது யாரு? எந்த அப்பனாவது வயித்துல பிள்ளையைச் சுமந்திருக்கானா?” அப்படின்னாங்க. சுமந்திருக்கான் ஐயா! ஆனா கடலுக்குள்ள! (சிரிப்பு)

நம்ம மன்னார் வளைகுடாவிலே கடல் குதிரைன்னு ஒரு மீன் உண்டு. அதுல ஆணுக்குத்தான் வயித்துல பை. பெண் அந்தப் பைக்குள்ள முட்டைகளைப் போட்டுட்டு ஒதுங்கிடும். கரு வளர்வது அங்கேதான். பிராணவாயு கொடுக்கிறது, சத்து ஊட்டுறது, பைக்குள்ள உப்பு அளவைச் சரி பண்றது எல்லாம் அப்பன். சில வகைகள்ல அம்மா தினமும் காலையில வந்து, கூட ஒரு சுற்று ஆடி, நலம் விசாரிச்சுட்டுக் கிளம்பிடும். ஆபீசுக்குப் போற மாதிரி! (கைதட்டல்)

இரண்டு முதல் நாலு வாரத்துல பிரசவம். உடம்பை வளைச்சு, முக்கி முக்கிக் குட்டிகளை வெளியே தள்ளும். சில வகைகள்ல ஒரே பிரசவத்துல ஆயிரத்துக்கும் மேலே! எல்.கே.ஜி. சீட்டுக்கு என்ன செய்யும் பாவம்! (சிரிப்பு)

எதிரணி ஆக்டோபஸைக் காட்டலாம். கலிபோர்னியா கடலடியில் ஒரு தாய் ஆக்டோபஸ் 53 மாதம் முட்டைகளைக் காத்ததாக 2014-ல் ஆராய்ச்சியாளர்கள் எழுதினார்கள். அது இரை தின்றதை அவர்கள் ஒரு தடவைகூடப் பார்க்கவில்லை. அந்தத் தாயைக் கையெடுத்துக் கும்பிடுகிறேன்.

“பெத்ததோட கடல் குதிரை அப்பன் கை கழுவிடுதே?” என்றும் கேட்கலாம். உண்மைதான். ஆயிரத்துல பிழைச்சு வளர்றது விரல்விட்டு எண்ணுற அளவுதான். மனுஷ அப்பன் அப்படி விட்டுட்டுப் போறதில்லையே! பிள்ளைக்குக் காய்ச்சல்னா அம்மா பக்கத்துல உட்கார்ந்து அழுவாள். அப்பா ராத்திரியில மருந்துக்கடை தேடி ஓடுவான். அழுகிற கண் எல்லாருக்கும் தெரியும். ஓடுற கால் யாருக்குத் தெரியும்? பரீட்சை ஃபீசும், கல்யாணக் கடனும் அவன் சுமக்கிற பை ஐயா! அதுக்குப் பிரசவ தேதியே கிடையாது.

இதைக் கேட்டுட்டுச் சும்மா உட்கார்ந்திருக்கிற அப்பாக்களுக்கும் ஒரு வார்த்தை. ஒரு மீன் சுமக்குது. நீங்க பிள்ளையைத் தோளிலாவது தூக்குங்க! (பலத்த கைதட்டல்)

சுமக்கிற தந்தைக்கே தீர்ப்பு தாருங்கள் என்று கேட்டு அமர்கிறேன்.