ஜாவர் சீதாராமன்: வேடம் தந்த பெயர்



ராஜா அண்ணாமலைபுரத்தில் கவிதைக்கெனக் கூடும் இவ்வவையில், பழைய படங்களின் குணச்சித்திர நடிகர் ஒருவருக்கு என்ன இடம் என்று கேள்வி எழக்கூடும். சங்கப் புலவரிடையே செம்புலப்பெயனீரார் உண்டு. தேய்புரிப் பழங்கயிற்றினார் உண்டு. பெற்றோர் இட்ட பெயர் மறைந்துபோக, பாட்டில் வந்த தொடரே அவர்களுக்குப் பெயராயிற்று. திரையுலகில் அப்படி நேர்ந்தவர் ஜாவர் சீதாராமன்.

விக்டர் ஹ்யூகோ 1862-இல் வெளியிட்ட பெருநாவலைக் கவியோகி சுத்தானந்த பாரதியார் 'ஏழை படும் பாடு' எனத் தமிழாக்கினார். அப்பெயரிலேயே 1950-இல் கோவை பட்சிராஜா ஸ்டூடியோவின் படம் வந்தது; இயக்கியவர் கே. ராம்நாத். நாகையா கதைநாயகர். அவரை விடாமல் தொடரும் காவல் அதிகாரி ஜாவராகச் சீதாராமன். ஜாவர் கொடியவன் அல்லன். சட்டத்தையே அறமென நம்பிவிட்டவன். கருணை தன்னைத் தேடி வந்தபோது அதை ஏற்கத் தெரியாமல் உடைந்து போகிறவன். வில்லன் என்ற ஒற்றைச் சொல்லில் அடங்காத இத்தகைய பாத்திரங்கள் அந்நாளையத் தமிழ்ப்படங்களில் அரிது. அந்த வேடத்தின் பெயர் அவரை விட்டு அகலவே இல்லை.

நான்கே ஆண்டுகளில், 1954-இல், ஏ.வி.எம். தயாரிப்பில் எஸ். பாலசந்தர் இயக்கிய 'அந்த நாள்' வெளிவந்தது. பாட்டு இல்லை, நடனமும் இல்லை. 1943 அக்டோபரில் சென்னையில் ஜப்பானியர் குண்டு வீசியதன் மறுநாள் நிகழும் கொலை; சிவாஜி கணேசன் நடித்த ராஜன் என்ற வானொலிப் பொறியாளர் சுடப்பட்டுக் கிடக்கிறார். கொன்றவர் யார்? தம்பி ஒன்று சொல்கிறான், பக்கத்து வீட்டுக்காரர் வேறொன்று சொல்கிறார். ஒவ்வொருவர் வாய்மொழியிலும் ஒவ்வொரு ராஜன் தோன்றுகிறான். திரைக்கதை வசனம் சீதாராமனுடையது. தமக்கென அவர் எடுத்துக்கொண்ட வேடமோ துப்பறியும் அதிகாரி சிவானந்தம்.

இங்கே சற்று நிற்க வேண்டும். 'பராசக்தி' வந்து ஈராண்டே ஆகியிருந்த காலம். அடுக்குமொழிக்குக் கைத்தட்டல் அதிரும். பேனாவைக் கையில் வைத்திருந்தவர் தமக்கொரு முழக்கத்தை எழுதிக்கொண்டிருக்கலாம்; யார் தடுத்திருப்பார்? அவர் எழுதிக்கொண்டதோ கேள்விகளை. பெரும்பகுதி நேரம் சிவானந்தம் பிறர் பேசக் கேட்டுக்கொண்டிருக்கிறார். கேட்பதும் நடிப்பே, சொல்லப்போனால் பேசுவதைவிடக் கடினமான நடிப்பு. கேட்பவர் முகத்தில் ஐயம் எப்போது விழுந்தது, எப்போது விலகியது என்பதைப் பார்ப்பவர் கண்டுகொண்டால்தான் அப்படம் நிற்கும். அது இன்றும் நிற்கிறது.

'வீரபாண்டிய கட்டபொம்மன்' (1959) படத்தில் மேஜர் பானர்மன் அவரே. ஜாக்சன் துரையைக் கேட்டால் பள்ளிப்பிள்ளையும் சொல்லும். கட்டபொம்மனைக் கயத்தாற்றில் தூக்கிலிட்ட பானர்மனாக நடித்தவரை எத்தனை பேர் சொல்வர்? மறுபடியும் ஒரு சட்டத்தின் கை. எட்டாண்டுகள் கழித்து, 'பட்டணத்தில் பூதம்' படத்தில் ஜீபூம்பாவாக வந்து சிறுவரைச் சிரிக்க வைத்தவரும் இவரே என்றால் வியப்பாக இருக்கும்.

'குமுதம்' வாசகர் அறிந்த சீதாராமன் வேறொருவர்: 'மின்னல் மழை மோகினி', 'உடல் பொருள் ஆனந்தி' தொடர்களின் ஆசிரியர். பின்னதன் தலைப்பில் 'ஆவி' இருக்கவேண்டிய இடத்தில் 'ஆனந்தி' வந்து அமர்ந்த குறும்பைக் கவிஞர்கள் கவனிக்கட்டும்! இலக்கிய வரலாறெழுதுவோர் இவரை நடிகர் என்று ஒதுக்கினர். திரை வரலாறெழுதுவோரோ எழுத்தாளர் பட்டியலில் சேர்த்துவிட்டு நடிப்பை மறந்தனர். இரண்டு வாசலிலும் நின்றவருக்கு இரு வீட்டிலும் இலை போடவில்லை.

இன்னொன்றும் உண்டு. சட்டத்தின் முகமாக நடித்தவர், எழுத உட்கார்ந்தபோது திரும்பத் திரும்பக் குழந்தைகளிடமே சென்றார். 'களத்தூர் கண்ணம்மா'வில் (1960) பெற்றோர் இருந்தும் அநாதை இல்லத்தில் வளரும் சிறுவன். 'குழந்தையும் தெய்வமும்' (1965) படத்தில் பிரிந்த பெற்றோரை இணைக்க முனையும் இரட்டைச் சிறுமியர். அடுத்த ஆண்டு வந்த 'ராமு'வின் சிறுவனோ அதிர்ச்சியில் பேச்சிழந்தவன். வாய் பேசாப் பிள்ளையை நடுவில் வைத்து, அவனைச் சுற்றியுள்ளோர்க்கெல்லாம் வசனம் எழுதினார் சீதாராமன். 1966-ஆம் ஆண்டின் சிறந்த தமிழ்ப்படத்துக்கான தேசிய விருது அப்படத்துக்கே கிடைத்தது.