படமும் சொல்லும்

போர்ச் செய்தியைக் காதால் கேட்பதற்கும் கண்ணால் காண்பதற்கும் உள்ள வேற்றுமையைப் பிற மாநிலங்களில் வாழும் தமிழராகிய நாம் சற்று எண்ணிப் பார்க்கலாம். தில்லியில் 1959-இல் தொடங்கிய டெலிவிஷன், சென்னைக்கு வந்தது 1975-இல்தான். 1962-இன் சீனப் படையெடுப்பையும் 1965-இன் பாகிஸ்தான் போரையும் நம்மவரில் மிகப் பலர் வானொலிப் பெட்டியருகே அமர்ந்தே அறிந்தனர்.

அமெரிக்காவில் நிலை வேறு. 1963 செப்டம்பரில் ஸி.பி.எஸ். நிறுவனம் தன் மாலைச் செய்தியை 15 நிமிடத்திலிருந்து 30 நிமிடமாக நீட்டியது. நீட்டிய நேரத்தை நிரப்பப் படம் வேண்டுமன்றோ? வியட்நாம் போர் அதனைக் குறைவின்றி அளித்தது. பிலிம் சுருள்கள் விமானமேறிக் கடல் கடந்து வந்தன.

1965 ஆகஸ்ட் 5-ஆம் நாள் அவ்வாறு வந்த படமொன்றை அந்நாட்டு மக்கள் தத்தம் வீட்டிலிருந்தே கண்டனர். டா நாங் நகருக்கு அருகே காம் நே என்னும் சிற்றூர். அமெரிக்கப் படைவீரர் ஒருவர் சிகரெட் லைட்டரைக் கொண்டு குடிசைக் கூரைக்குத் தீ வைக்கிறார். முதியோரும் பெண்டிரும் கதறுகின்றனர்.

செய்தியாளர் மார்லி சேஃபர் உடன் கூறிய விவரமொன்று, மொழிபெயர்ப்பையே தொழிலாகக் கொண்ட நம் போன்றோர் நெஞ்சில் தைக்கும். பிடிபட்டவர் நான்கு கிழவர்கள். ஆங்கிலத்தில் கேட்ட கேள்விகளுக்கு அவர்களால் விடை கூற இயலவில்லை. ஊரார் மொழி அறிந்த ஒருவர் அங்கே இருந்தார். அவர் படையைச் சேர்ந்தவரல்லர். காமிராக்காரரான ஹா துக் கான் என்னும் வியட்நாமியர். குழிகளில் அஞ்சிப் பதுங்கியிருந்தோரிடம் அவர்கள் மொழியிலேயே பேசி வெளியே வரச் செய்தவர் அவரே. படமெடுக்கச் சென்றவர் துபாஷியாக நேர்ந்ததை என்னென்பது!

கூரை எரிவதைப் படம் காட்டியது. அந்தக் கிழவர்கள் ஏன் வாய்மூடி நின்றனர் என்பதைச் சொல்லன்றோ விளக்கிற்று? ஊரிலிருந்து தங்கள்மீது துப்பாக்கிச் சூடு நடந்தது என்பது படையினர் தரப்பு வாதம். அதனை எடுத்துரைக்கவும் சொல்லே வேண்டியிருந்தது. இவ்விரண்டையும் கேளாமல் படத்தை மட்டும் கண்டவர், தாம் முன்னரே நம்பியிருந்ததையே அதில் கண்டிருப்பர் என்பது நம் கருத்து.

பார்த்தவர் பலர் சினந்தனர். போரின்மேல் அன்று, செய்தியின்மேல்! அச்செய்தியாளரைத் திரும்ப அழைத்துக்கொள்ளுமாறு பாதுகாப்புத் துறை மேலிடத்திலிருந்து நிறுவனத்திற்கு வற்புறுத்தல் வந்தது. அவர் கனடாவிற் பிறந்தவர் என்பதும் ஒரு குறையாகக் கூறப்பட்டது. நிறுவனம் இணங்கவில்லை. சேஃபர் வியட்நாமிலேயே இருந்து மேலும் செய்திகள் அனுப்பினார்.